உப்புப் படத்தின் ஆறாம் பெட்டி

அந்த மதியம் இலுப்பூர் தியேட்டரில் படம் பாதியில் நின்று, திரை வெறும் வெள்ளையாக இருந்தபோது, பின் வரிசைகளிலிருந்து விசில் பறந்தது. எங்கள் வரிசையில் யாரும் விசிலடிக்கவில்லை. நில அளவைப் பிரிவு ஊழியர்கள் என்ற கௌரவம் எங்களைத் தடுத்தது. சர்வேயர் சார் மட்டும் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து, டிக்கெட்டின் பின்பக்கத்தில் எதையோ வரைந்துகொண்டிருந்தார். எட்டிப் பார்த்தேன். படத்தில் அதுவரை வந்த தெருக்கள். தண்ணீர் அளக்கிற இடத்திலிருந்து ஊரின் பெரிய கதவு வரைக்கும் எத்தனை திருப்பம் என்று கோடு போட்டுக்கொண்டிருக்கிறார். "ஏம்மா, அந்தச் சந்துல எடப்பக்கம்தான திரும்புனா அந்தப் புள்ள?" என்று கேட்டார். "படமே நின்னு போச்சு சார், நீங்க வேற" என்றேன். "நிக்கட்டும். அதுக்குள்ள இதை முடிச்சுர்றேன்" என்றார். ஊரே சேரை உடைக்கத் தயாராக இருந்த நேரத்தில் சந்தோஷமாக இருந்த ஒரே ஆள் அவர்தான்.

எங்கள் பக்கத்தில் அப்போது ஒரே பிரிண்டை வைத்துக்கொண்டு இரண்டு ஊர்த் தியேட்டர்கள் பிழைத்தன. பக்கத்து ஊரில் முக்கால் மணி நேரம் முன்னதாகவே படத்தை ஆரம்பித்துவிடுவார்கள். ஒரு பெட்டிப் படச்சுருள் ஓடி முடிந்ததும் அதை மொபெட்டின் பின்னால் கட்டிக்கொண்டு ஒருவர் இலுப்பூருக்குப் பறந்து வருவார். கொடுத்த கையோடு அடுத்ததற்குத் திரும்ப ஓடுவார். இது ஏழு பெட்டிப் படம். அன்றைக்கு ஐந்து பெட்டி ஒழுங்காக வந்து சேர்ந்தது, ஆறாவதைக் காணோம். வழியில் மொபெட் பஞ்சர் என்று யாரோ வந்து சொல்லிவிட்டுப் போனார்கள். அரை மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தோம். நான் வாங்கிவைத்திருந்த முறுக்கு தீர்ந்து, பக்கத்தில் இருந்தவர்களின் கடலைமிட்டாயும் தீர்ந்த பிறகு, ஒருவழியாக விளக்கு அணைந்து படம் மறுபடி ஓடத் தொடங்கியது.

நான் அந்த அலுவலகத்தில் வரைவாளராகச் சேர்ந்து அப்போது மூன்று வருடம். அவர் வயலிலும் பொட்டலிலும் அளந்து குறித்துக்கொண்டு வருவதை நான் மேசையில் உட்கார்ந்து படமாக இழுக்க வேண்டும். எனக்கு வாய் நீளம், அவருக்குப் பொறுமை நீளம், அதனால் ஒத்துப்போயிற்று. ஒரு நிலத்தை அளந்து வந்தால், நான் இழுக்கிற கோடு சுற்றி வந்து தொடங்கிய கல்லிலேயே முட்ட வேண்டும். ஒரு சாண் விலகினாலும் போதும், மறுநாள் காலையிலேயே வெயிலைப் பார்க்காமல் மறுபடி கிளம்பிவிடுவார். "நெலத்துல தப்பு இருக்காதும்மா. நான்தான் எங்கயோ தப்பாப் படிச்சிருக்கேன்" என்பார். தப்பு எப்போதும் தன்னுடையது என்றே எடுத்துக்கொள்கிற அந்தக் குணம்தான் பிற்பாடு அவரை இருபது வருடம் அலைக்கழித்தது. அப்போது எனக்கு அது பெரிய பண்பாகத் தெரிந்தது.

அவருக்கு ஒரே மகள். அவள் ஆறாம் வகுப்புப் படிக்கும்போதே அவர் மனைவி காய்ச்சலில் போய்விட்டார். அதற்குப் பிறகு தலை பின்னிவிடுவதிலிருந்து டிபன் கட்டுவது வரைக்கும் அவரேதான். நான் வேலைக்குச் சேர்ந்தபோது அவள் திருச்சியில் இன்ஜினியரிங் படித்துக்கொண்டிருந்தாள். சனி, ஞாயிறில் வந்தால் அலுவலகத்துக்கும் எட்டிப்பார்த்து, "அக்கா, அப்பா சாப்பிடுறாராக்கா?" என்று என்னிடம் ரகசியமாகக் கேட்டுவிட்டுப் போவாள். அந்தக் கடைசி வருடத்தில் அவளுக்குக் கனடாவில் மேல்படிப்புக்கு இடம் கிடைத்தது. போகலாமா என்று அப்பாவிடம் கேட்க வேண்டும். அதை அவளால் நேராகக் கேட்க முடியவில்லை. அப்போதுதான் போனில் அவரிடம் இதைச் சொல்லியிருக்கிறாள்: "அப்பா, நான் ஒரு படம் பாத்தேன். இலுப்பூருக்கு வந்தா நீங்களும் போயிப் பாருங்க. அதுல கடைசியில அந்த அப்பா என்ன செய்யிறாரோ, அதைத்தான் நான் ஒங்ககிட்ட கேக்குறேன். பாத்துட்டுச் சொல்லுங்க, நான் போகவா, வேண்டாமான்னு." அவர் அதை அப்படியே எங்களிடம் வந்து சொன்னார். "படம் பாத்துட்டுப் பதில் சொல்லணுமாம்மா. பரீட்சை வைக்குது" என்றார். அப்படித்தான் ஒரு இரண்டாவது சனிக்கிழமை மதியக் காட்சிக்கு அலுவலகமே திரண்டு போனோம்.

படத்தின் பெயரை எங்கள் ஊரில் யாரும் சொன்னதில்லை, 'உப்புப் படம்' என்றால்தான் தெரியும். வெளிநாட்டுப் படம், தமிழில் பேச வைத்திருந்தார்கள். அதிலும் இரண்டாம் பாகம். முதல் பாகத்தை நான் டிவியில் பார்த்திருக்கிறேன். ராக்கெட் ராக்கெட்டாகப் பறக்கும், வெடிக்கும், மறுநாள் ஒன்றும் ஞாபகம் இருக்காது. இரண்டாம் பாகம் எடுக்கும்போது அந்த இயக்குநருக்கு என்ன ஆயிற்றோ தெரியவில்லை, சண்டையை அப்படியே விட்டுவிட்டு ஊருக்குள் நடக்கப் போய்விட்டார். கடல் வற்றிப்போன ஓர் உலகம். பார்க்கிற இடமெல்லாம் உப்பு. நடுவில் சுற்றுச்சுவர் எழுப்பிய ஒரு நகரம். வானத்தில் இரண்டு சூரியன், அதனால் ஆளுக்கு இரண்டு நிழல். வீட்டுக்குப் பூட்டு கிடையாது, தண்ணீர்க் குடத்துக்குப் பூட்டு உண்டு. ஒருவரை ஒருவர் பார்த்தால் வணக்கம் சொல்ல மாட்டார்கள். விரலை நனைத்து எதிரில் நிற்பவரின் இமையில் தொடுவார்கள். தண்ணீர் அளந்து ஊற்றுகிறவரின் கட்டைவிரல் மட்டும் வெளுத்து ஊறிப்போயிருக்கும். இது எதையும் படத்தில் ஒருவரும் விளக்கிச் சொல்ல மாட்டார்கள். அந்த ஊர்க்காரர்களுக்கு அதெல்லாம் தெரிந்த விஷயம், நாம்தான் கவனித்துப் புரிந்துகொள்ள வேண்டும். நம் ஊருக்குப் புதிதாக வருகிறவரை உட்கார வைத்துக் கண்மாய் எதற்கு, மடை எதற்கு என்று நாம் பாடம் நடத்துகிறோமா என்ன?

இன்றைக்கும் காலேஜ் பிள்ளைகள் அந்தப் படத்தைப் பற்றி மணிக்கணக்கில் பேசுகிறார்கள். எவ்வளவோ படம் வந்து போய்விட்டது, இது மட்டும் ஏன் நிற்கிறது என்று நானும் யோசித்திருக்கிறேன். கதை புதிதில்லை. ஊரைவிட்டுப் போக நினைக்கிற பெண், கதவைக் காக்கிற அப்பா, அவ்வளவுதான். ஆனால் அந்த ஊரில் படிக்கட்டின் நடுப்பகுதி தேய்ந்திருக்கும். ஓரம் தேயாமல் இருக்கும். படம் எடுப்பதற்கு முன்பே அங்கே நூறு வருடம் ஆட்கள் ஏறி இறங்கியிருக்கிறார்கள் என்று நம்பத் தோன்றும். சர்வேயர் சார் ஒரு படி மேலே போனார். "வாட்டம் பாத்துக் கட்டியிருக்கான்மா. எந்தத் தெருவைக் காட்டினாலும் சாக்கடை ஒரே பக்கந்தான் சரியுது. எல்லாம் ஒரே எடத்துல போயிச் சேரும், பாரு" என்று இடைவேளையில் அவ்வளவு மரியாதையோடு சொன்னார். நம் பஞ்சாயத்தில் போட்ட சாக்கடையைப் பற்றி அவர் ஒருநாளும் அப்படிப் பேசியதில்லை.

பெட்டி வந்த பிறகு நாங்கள் பார்த்தது இதுதான். விடியற்காலை. கதவைக் காக்கிற அப்பா மகளை எழுப்புகிறார். அவள் காலில் வெள்ளைத் துணி சுற்றியிருக்கிறது. இரண்டு பேரும் பேசாமல் தெருக்களின் வழியாக நடக்கிறார்கள். யாருக்கும் திறக்கக் கூடாத அந்தப் பெரிய கதவை அவரே தோள் கொடுத்துத் தள்ளித் திறக்கிறார். அவள் உப்பு வெளியில் நடந்து நடந்து ஒரு புள்ளியாகப் போய்விடுகிறாள். அவர் திறந்த கதவிலேயே நிற்கிறார். பிறகு அடுத்த பெட்டி. அதே கதவு. அவளைக் கைத்தாங்கலாகக் கூட்டிக்கொண்டு வருகிறார்கள். காலெல்லாம் உப்பு அறுத்த காயம். அப்பா அன்றைக்குத் தன் பங்குக்குக் கிடைத்த தண்ணீர் முழுவதையும் ஊற்றி அவள் காலைக் கழுவுகிறார், துணி சுற்றுகிறார். அவள் அவர் வீட்டில், அவர் பாயில் தூங்கிப்போகிறாள். அத்தோடு விளக்கைப் போட்டுவிட்டார்கள். பெண்கள் எல்லாரும் மூக்கை உறிஞ்சிக்கொண்டு எழுந்தோம். புள்ளை திரும்பி வந்துவிட்டது என்ற நிம்மதி எல்லார் முகத்திலும் இருந்தது.

வெளியே வரும்போது எனக்கு ஒன்று உறுத்தியது. "ஏன் சார், போறப்பவே காலுல கட்டுப் போட்டிருந்தாளே? காயம் பின்னாடிதான வந்துச்சு?" என்று கேட்டேன். அவர் அதற்குள் யோசித்து வைத்திருந்தார். "உப்புல நடக்கப்போறவங்க முந்தியே துணி சுத்திக்கிர்றது அந்த ஊரு வழக்கம்மா. நம்ம ஆளுக களத்துமேட்டுக்குப் போறப்ப தலைப்பாக் கட்டல?" என்றார். நான் ஒத்துக்கொண்டேன். அவ்வளவு ஒழுங்காகக் கட்டின ஊரில் ஒரு தப்பு இருக்கும் என்று எங்கள் இருவருக்குமே தோன்றவில்லை.

நேராக பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் இருந்த எஸ்.டி.டி. பூத்துக்குப் போனார். கூடவே நான். ஹாஸ்டலில் அவளைக் கூப்பிட்டு லைனில் கொடுக்க ஐந்து நிமிடம் ஆயிற்று. "பாத்துட்டேன்த்தா" என்றார். "நீ என்ன கேட்டேன்னு புரிஞ்சிருச்சு. அந்த மனுசன் செஞ்சதை நானும் செய்யிறேன். நீ நிம்மதியாக் கெளம்பு." அந்தப் பக்கம் அவள் அழுகிற சத்தம் கண்ணாடிக்கு வெளியே நின்ற எனக்கே கேட்டது. அவர் சிரித்தபடி போனை வைத்தார். "இதுக்குப் போயி எதுக்கு அழுகுது? போயிட்டுத் திரும்பி வரப்போகுது, அவ்வளவுதான" என்றார்.

எங்கள் பக்கத்தில் அப்படித்தான் நினைப்பார்கள். சிங்கப்பூர் போனவரும் வருவார், துபாய் போனவரும் வருவார். இரண்டு வருடத்துக்கு ஒரு தரம் பெட்டி கட்டிக்கொண்டு வந்து, கடைசியில் ஊரில் ஒரு வீட்டைக் கட்டி உட்கார்ந்துவிடுவார். போவது என்பதே வருவதற்குத்தான். ஒரு மகள் ஒரேயடியாகப் போகலாமா என்று கேட்பாள் என்பது அவர் கணக்கிலேயே இல்லை. திருச்சி விமான நிலையத்தில் அவள் கையில் ஒரு வெள்ளைப் பருத்தித் துணியைக் கொடுத்தார். நான்கு முழம், துவைத்து மடித்தது. பயணம் போகிறவள் அல்லவா, அதற்கு. அவள் அதை முகத்தில் பொத்திக்கொண்டு நின்றாள். படத்தை அவர் எவ்வளவு ஆழமாகப் புரிந்துகொண்டிருக்கிறார் என்று அவள் நெகிழ்ந்துபோனதைப் பின்னாளில் அவளே என்னிடம் சொன்னாள்.

அப்புறம் வருடங்கள் போயின. அவள் படித்து முடித்தாள், அங்கேயே வேலை கிடைத்தது, அங்கேயே ஒருவரைப் பிடித்துப்போய்க் கல்யாணம் செய்துகொண்டாள், இரண்டு பிள்ளைகள். மூன்று நான்கு வருடத்துக்கு ஒரு தரம் வந்து மூன்று வாரம் இருந்துவிட்டுப் போவாள். அவர் ஓய்வு பெற்றார். மாடியில் இரண்டு அறை கட்டினார், மேலைநாட்டுக் கழிப்பறையோடு. எதற்கு என்று கேட்டால், "பாப்பா வந்துச்சுன்னா புள்ளைகளுக்கு வேணும்ல" என்பார். பாப்பாவுக்கு அப்போது முப்பத்தைந்து வயது. முழங்கால் போயிற்று, சர்க்கரை வந்தது. தன்னோடு வந்து இருக்கச் சொல்லி அவள் போனில் கெஞ்சினாள். விசாவுக்கு எல்லாம் ஏற்பாடு செய்கிறேன் என்றாள். "நீதான் வரப்போறியே, நான் எதுக்கு அங்கிட்டு?" என்று முடித்துவிடுவார். அவள் அதைக் கிழவரின் பிடிவாதம் என்று நினைத்தாள். நானும் அப்படித்தான் நினைத்தேன், நான்கு வருடத்துக்கு முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை வரைக்கும்.

அன்று என் மகன் டிவியில் ஏதோ தேடி உப்புப் படத்தைப் போட்டான். நான் அலட்டலாக, இதெல்லாம் தியேட்டரிலேயே பார்த்தாயிற்று என்று பக்கத்தில் உட்கார்ந்தேன். முக்கால் படம் வரைக்கும் எல்லாம் சரி. அடுத்து அதே கதவு. மகள் திருட்டுத்தனமாக வெளியே போயிருக்கிறாள். அவளைப் பிடித்துக் கூட்டிவருகிறார்கள். அப்பா கால் கழுவுகிறார். "டேய், மாத்திப் போட்டுட்டான்டா. இது கடைசியில வரணும்" என்றேன். "அம்மா, இதான் படம். பேசாமப் பாருங்க" என்றான். காயம் ஆறுகிற வரைக்கும் அவர் மகளைப் பார்த்துக்கொள்கிறார். பிறகு அந்த விடியற்காலை. காலில் கட்டோடு அவள் எழுகிறாள், அவர் கதவைத் திறக்கிறார், அவள் புள்ளியாகிறாள். படம் முடிந்து எழுத்து ஓடுகிறது. அப்படியானால் மாற்றிப் போட்டது அன்றைக்கு இலுப்பூரில்தான்.

இலுப்பூர் தியேட்டரில் அன்று படம் ஓட்டியவர் இப்போது கல்யாண வீடுகளுக்கு மைக் செட் போடுகிறார். தேடிப் போய்க் கேட்டேன். அவருக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. "ஆறும் ஏழும் ஒண்ணா வந்து எறங்குச்சுங்க. சனம் சேரை ஒடைக்கிற நெலமை. அவசரத்துல ஏழாவதை மாட்டிட்டேன். பாதி ஓடுனப்பறம்தான் தெரிஞ்சுச்சு. அப்பறம் நிறுத்த முடியுமா? அதை முடிச்சுட்டு ஆறாவதையும் ஓட்டிட்டேன்" என்றார். கடைசியில் எழுத்து வருமே என்று கேட்டதற்கு, "அதை நாங்க மொத நாளே கழட்டி வச்சிருவோம். எழுத்தை யாருங்க பாக்குறா?" என்றார். பிறகு, "ஒருத்தரும் ஒண்ணும் கேக்கலையேங்க" என்று சிரித்தார். அவர்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அந்த நேரத்தில் வேறு யாரும் அதைத்தான் செய்திருப்பார்கள். ஆனால் என் சர்வேயர் சார், ஒரு சாண் விலகினால் மறுநாளே போய் மறுபடி அளக்கிற மனிதர், அந்தப் படத்தை மட்டும் இரண்டாம் தடவை பார்க்காமல் விட்டுவிட்டாரே என்று ஆற்றாமையாக இருந்தது. பதில் கிடைத்துவிட்டது என்று நினைத்தவர் எதற்கு மறுபடி போகப் போகிறார்?

அவரிடம் சொல்ல வேண்டும் என்று எத்தனை தடவை போனேன் என்று கணக்கில்லை. பொய் சொல்ல வராது, மனதில் வைத்துக்கொள்ளத் தெரியாது என்று பெருமை அடித்துக்கொள்கிறவள் நான். அவர் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போதே சர்க்கரை எப்படி இருக்கிறது என்று பேச்சை மாற்றிவிடுவேன். சொன்னால் என்ன ஆகும்? மகள் திரும்பி வருகிறேன் என்று ஒருநாளும் சொல்லவில்லை என்று அவருக்குத் தெரிந்துவிடும். மாடி அறை இரண்டும் வீண் என்று தெரியும். சொல்லாவிட்டாலோ, கால் நடக்க முடியாத மனிதர் தனியாக, வராத ஆளுக்காகக் காத்துக்கொண்டு, கூப்பிடுகிற இடத்துக்கும் போக மாட்டேன் என்று உட்கார்ந்திருப்பார். மகளிடம் சொல்லலாமா என்று ஒருமுறை போனில் வாயெடுத்தேன். அதற்குள் அவளே, "அக்கா, எங்க அப்பா மாதிரி ஒருத்தரை நான் பாத்ததே இல்லக்கா. ஒத்தைப் புள்ளைய, திரும்பி வரமாட்டேன்னு தெரிஞ்சே, சிரிச்ச முகத்தோட அனுப்பி வச்சாரு" என்று ஆரம்பித்துவிட்டாள். சமையலுக்கு நேரமாகிறது என்று வைத்துவிட்டேன்.

போன வருடம் அந்தப் படத்தைப் புதிதாக மெருகேற்றித் தியேட்டர்களில் மறுபடி வெளியிட்டார்கள். புதுக்கோட்டையிலும் ஒரு வாரம். மகள் அப்போது விடுமுறையில் தனியாக வந்திருந்தாள். "அப்பாவும் நானும் அந்தப் படத்தை ஒண்ணா உக்காந்து பாத்ததே இல்லக்கா. நீங்களும் வாங்க" என்று கூப்பிட்டாள். ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சிக்குக் காரில் போனோம். அவர் முன்னால், நாங்கள் இருவரும் பின்னால். வழி நெடுக முயற்சி செய்தேன். "சார், நம்ம பாத்த மாதிரி இருக்காதாம். என்னென்னமோ மாத்திட்டாங்களாம்" என்றேன். "மாத்துனா மாத்திட்டுப் போறான். சாக்கடை அதே எடத்துல இருந்தாச் சரி" என்றார். மகள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

தியேட்டர் வாசலில் காலேஜ் பிள்ளைகள் கூட்டம். பார்த்துக்கொள்ளும்போது தண்ணீர் பாட்டிலில் விரலை நனைத்து ஒருவர் இமையில் ஒருவர் தொட்டுக்கொண்டார்கள். சார் ஊன்றுகோலோடு நின்று அதை வேடிக்கை பார்த்தார். அவர் முகத்தில் அவ்வளவு சந்தோஷத்தை நான் பல வருடமாகப் பார்க்கவில்லை. "இதுக எல்லாம் அந்த ஊருக்காரப் புள்ளைகம்மா" என்றார். உள்ளே எங்கள் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்தார். தெரு வரும்போதெல்லாம் என் கையைத் தட்டி, "வாட்டத்தைப் பாரு, வாட்டத்தைப் பாரு" என்று சொல்லிக்கொண்டிருந்தார். நான் திரையைப் பார்க்கவில்லை. அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மகளைக் கைத்தாங்கலாகக் கூட்டிவரும் காட்சி வந்தது. சார் கொஞ்சம் நிமிர்ந்தார். அதற்குள்ளா என்று யோசிப்பது தெரிந்தது. அப்பா கால் கழுவுகிறார், துணி சுற்றுகிறார். படம் முடியப்போகிறது என்று நினைத்து, சார் காலால் செருப்பைத் தேடினார். படம் முடியவில்லை. விடிகிறது, அவள் கட்டோடு எழுந்து நிற்கிறாள். சார் என் பக்கம் சாய்ந்தார். "காயத்துக்குப் போட்ட கட்டாம்மா அது?" என்று கேட்டார். "ஆமா சார்" என்றேன். கதவு திறந்தது. அந்தப் பக்கம் இருந்த அவர் மகள் அவர் தோளில் முகத்தை வைத்து அழுதுகொண்டிருந்தாள். அவளுடையது நன்றி நிறைந்த அழுகை. அவர் ஒரு கையால் அவள் தலையைத் தடவிக்கொண்டே, உப்பு வெளியில் போகிற அந்தப் புள்ளியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விளக்கு வந்தது. எழுத்து ஓடிக்கொண்டிருக்கிறது. பிள்ளைகள் கைதட்டிவிட்டு எழுந்து போகிறார்கள். மகள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். அவர் எழவில்லை. "உக்காருத்தா. இன்னொரு பெட்டி இருக்கு" என்றார். அவள் சிரித்துவிட்டாள். "அவ்வளவுதாம்பா, முடிஞ்சிருச்சு" என்றாள். அவர் மெதுவாகத் திரும்பி என்னைப் பார்த்தார். எத்தனையோ வயலை அளந்து வந்து, என் மேசைக்கு எதிரே நின்று, கோடு முட்டுகிறதா என்று பார்த்த அதே பார்வை. எனக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ள முடியவில்லை. "இல்ல சார். இதான் கடைசி" என்றேன். நான் யோசிக்காமல் சொன்ன வேகத்திலேயே, எனக்கு முன்பே தெரியும் என்பது அவருக்குப் புரிந்திருக்கும். தலையை மட்டும் ஆட்டினார். எழுத்து முழுவதும் ஓடி முடிகிற வரைக்கும் அந்த இடத்தைவிட்டு அசையவில்லை. கூட்டிப் பெருக்க வந்தவர்கள் நாங்கள் எழுவதற்காக ஓரமாக நின்றார்கள்.

வெளியே வெயிலில் கண் கூசியது. கார் வரும்வரை சுவர் நிழலில் நின்றோம். மகள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, இருபது வருடம் அவரிடம் சொல்லாமல் வைத்திருந்ததை அங்கே நின்று சொன்னாள். "அங்க யாருகிட்ட வேணும்னாலும் கேட்டுப் பாருங்கப்பா. எங்கப்பாதான் எனக்குக் கதவைத் தொறந்து விட்டாருன்னு நான் சொல்லாத ஆளே இல்ல. நான் பயந்து செத்துக்கிட்டே கேட்டேன். நீங்க வேண்டாம்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் போயிருக்க மாட்டேன்ப்பா." அவர் அவளையே பார்த்தார். இப்போது ஒரு வார்த்தை சொன்னால் போதும், அவள் இத்தனை நாள் நம்பி வாழ்ந்தது உடைந்துபோகும். அவருக்கும் அது தெரிந்தது. "ஆமாத்தா. தொறந்துதான் விட்டேன்" என்றார்.

கார் வந்தது. இந்த முறை அவர் முன்னால் ஏறவில்லை. மகளோடு பின்னால் உட்கார்ந்துகொண்டார். கார் ஊரைத் தாண்டியது. பிறகு முழங்காலைத் தடவிக்கொண்டே, சாதாரணமாக ஏதோ கடை விஷயம் கேட்பதுபோல் அவளிடம் கேட்டார்: "ஏத்தா, அங்கிட்டு குளுரு ரொம்ப இருக்குமாமே. எனக்கு ஸ்வெட்டர் இங்கயே எடுத்துர்றதா, அங்க வந்து வாங்கிக்கிறலாமா?"

பின்னால் அவள் விசும்புவது கேட்டது. முன் சீட்டில் இருந்த நான்தான் திரும்பாமலே, "அங்க போயி வாங்கிக்கங்க சார், இங்க கிடைக்கிறது பத்தாது" என்றேன்.